அகப்பை பிடித்த மொர்மேர்

ஆர்டமோன் மாகாணத்தில் புதிய மொர்மேரை உண்டாக்க முடி வேண்டாம், வாள் வேண்டாம், பிஷப் கை எண்ணெயும் வேண்டாம். ஓர் அகப்பை போதும்.

கடலுக்கும் மலைக்கும் நடுவே கிடக்கும் அத்தனை நிலத்துக்கும் மொர்மேர்தான் பொறுப்பு. போர் வந்தால் ஆட்களைத் திரட்டிக்கொண்டு முன்னால் போகிறவர் அவர். ஓட்ஸும் பாலாடைக்கட்டியும் வரியாக வந்து குவிவது அவர் வீட்டில். தெற்கே இருந்துகொண்டு அல்பா தேசம் முழுவதையும் ஆளும் ராஜாவே வடக்கே வருவதென்றால் முதலில் ஆள் அனுப்பிக் கேட்டுவிட்டுத்தான் வருவார். அப்படிப்பட்டவர், பதவி ஏற்கும் நாளில், பெரிய கூடத்தில் உட்கார்ந்திருக்கும் ஒவ்வொருவருக்கும் தன் கையால் கறிக்கஞ்சி ஊற்ற வேண்டும். கடைசி ஆள் கடைசிக் கிண்ணத்தை வழித்துக் குடிக்கிறவரை அவர் மொர்மேர் இல்லை, வெறும் அகப்பைக்காரர். அதுவரை பேர் சொல்லிக்கூட யாரும் அவரைக் கூப்பிடக் கூடாது. அவரும் ஒரு வாய் சாப்பிடக் கூடாது. ஒரே ஒருவன் கிண்ணத்தைத் தள்ளி வைத்துவிட்டு எழுந்து போனால் போதும், எல்லாம் போச்சு.

அப்படி எழுந்து போனவன் இதுவரை கிடையாது. முன்னொரு காலத்தில், ஒரு விருந்தாளி பாதிக் கிண்ணத்தில் செத்தே போனானாம். பக்கத்தில் இருந்த தம்பி அண்ணனுடைய கண்ணை மூடிவிட்டு, மீதிக் கஞ்சியை அண்ணன் பேரால் குடித்து முடித்து, வாயைத் துடைத்துவிட்டு, அதற்குப் பிறகுதான் அழ ஆரம்பித்தானாம். அந்த வீட்டாருக்கு இன்றைக்கும் கூடத்தில் அடுப்போரம் இடம் உண்டு.

இந்த மாதிரி விஷயங்களை நினைவில் வைத்திருந்து சொல்வது துபகானின் வேலை. துபகான் மாகாணத்தின் வம்சம் சொல்லி. யார் யாருக்குப் பிறந்தார், அவர் யாருக்குப் பிறந்தார் என்று மூச்சு விடாமல் பின்னோக்கிச் சொல்லிக்கொண்டே போவான். அவன் சொன்னால்தான் ஒருவனுக்குத் தாத்தா இருந்ததாகவே அர்த்தம். தாடி இடுப்பு வரைக்கும் இருந்தது. கர்வம் அதற்கும் கொஞ்சம் கீழே வரை இருந்தது.

குளிர்காலத்தில் பழைய மொர்மேர் ருவாத்ரி காலமானார். மாகாணத்துச் சுதந்திரக் குடிமக்கள் எல்லாரும் கூடி, அவருடைய அண்ணன் மகன் நெக்தானைத் தேர்ந்தெடுத்தார்கள். நெக்தான் பெரிய ஆள். கதவு வழியாகப் பக்கவாட்டில்தான் நுழைவான். பேச்சு மட்டும் ரொம்பக் கம்மி. அவன் கல்யாணத்தன்று பேசிய மொத்தப் பேச்சையும் ஒரு கோழி முட்டைக்குள் அடைத்துவிடலாம் என்று துபகானின் மனைவி தெர்வல் சொல்வாள்.

வசந்தம் வந்து, மாடுகளை மலைமேய்ச்சலுக்கு ஓட்டுவதற்கு முன், அகப்பை விருந்துக்கு நாள் குறித்தார்கள். அன்று காலையில்தான் சேதி வந்தது. ராஜா தன் எழுத்தரை அனுப்பியிருக்கிறார், தெற்கத்தி ஆள், பேர் ஒஸ்பெர்ட், விருந்துக்கு வருகிறார் என்று.

சேதி துபகானுக்குப் பிடிக்கவில்லை. தெற்கே ராஜாவைச் சுற்றி இரும்புச் சட்டைக்காரர்கள் புதிது புதிதாக வந்து சேர்ந்துகொண்டிருந்தார்கள். குதிரை இருந்தது, ஈட்டி இருந்தது, நிலம்தான் இல்லை. மொர்மேர் இல்லாத மாகாணம் எங்கே என்று அவர்கள் மோப்பம் பிடித்துக்கொண்டிருந்த சமயம் அது. கூடத்தில் உட்காருகிறவன் எவனாக இருந்தாலும் அவன் கிண்ணமும் கணக்கில் சேரும். எழுத்தன் ஒருவன் கஞ்சி பிடிக்கவில்லை என்று சொல்லிவிட்டால் போதும், அறுவடைக்குள் ஓர் இரும்புச் சட்டை வந்து நெக்தானின் கூடத்தில் கால் நீட்டிவிடும்.

"இன்னைக்கி ஒரு நாள் உம்ம நாக்க அடக்கி வையும்" என்றாள் தெர்வல், பார்லி மதுவைப் பெரிய தொட்டியில் ஊற்றிக்கொண்டே. "வம்சத்தச் சொன்னமா, எறங்குனமான்னு இரும். பறக்க வேண்டாம்."

"நான் என்னைக்கிடி பறந்தேன்?"

"போன வருஷம் அந்தத் தச்சனோட பாட்டன் திமிங்கலத்துக்கு லாடம் அடிச்சான்னு சொன்னது யாரு?"

"அடிச்சான். ஒரு பக்கத்துக்குத்தான் அடிச்சான். மறு பக்கம் அது காட்டல."

மத்தியானத்துக்குள் கூடம் நிறைந்துவிட்டது. ஒரு பக்கம் உழவர்கள், மறு பக்கம் மீனவர்கள். இந்த இரண்டு கூட்டத்துக்கும் ரொம்பக் காலமாக ஒரு வழக்கு உண்டு. மேர் என்றால் காரியஸ்தன், வீட்டைப் பார்த்துக்கொள்கிறவன், அதில் தகராறு இல்லை. முன்னால் இருக்கும் 'மொர்' என்ற பாதியில்தான் தகராறு. பெரிய காரியஸ்தன் என்பார்கள் உழவர்கள். கடலின் காரியஸ்தன், அந்தக் காலத்தில் கடற்கரையைக் காவல் காத்தவன் என்பார்கள் மீனவர்கள். இந்த வழக்கில் இதுவரை பல பற்களும் ஒரு நல்ல படகும் போயிருக்கின்றன. மீனவர்களுக்குத் தலைவன் பிரோக்கான். கடல் என்ற சொல்லைப் பத்து வார்த்தைக்கு ஒரு தரமாவது சொல்லாவிட்டால் அவனுக்குத் தொண்டை வறண்டுவிடும்.

ஒஸ்பெர்ட் மழையில் நனைந்து வந்து சேர்ந்தான். மெலிந்த ஆள், முழங்கால் வரை தோல்ஜோடு, மூக்கு நுனியில் ஒரு சொட்டு. அவனை மேல்வரிசையில் நடு இடத்தில் உட்காரவைத்தார்கள். இந்த ஊர்ப் பாஷை அவனுக்குத் தெரிந்திருந்தது. மடத்துத் துறவிகளிடம் கற்றது. அதனால் உப்பு கேட்டால்கூடப் பிரசங்கம் போல இருந்தது.

"உங்கள் தலைவர் எங்கிருக்கிறார்? இன்னும் எழுந்தருளவில்லையோ?" என்று கேட்டான்.

"வருவார்" என்றான் துபகான். கிண்ணங்கள் காலியாகும்வரை வேறு எதையும் சொல்ல வழக்கம் இடம் கொடுக்கவில்லை.

"இவன் பேசறதக் கேட்டா மண்டி போட்டு சிலுவ போட்டுக்கணும்போல இருக்கு" என்று தெர்வல் பெண்கள் பக்கத்திலிருந்து முணுமுணுத்தாள்.

நெக்தான் கொப்பரையிலிருந்து கஞ்சி மொண்டு ஊற்றத் தொடங்கினான். சட்டைக் கையை முழங்கைக்கு மேல் சுருட்டியிருந்தான். நெற்றியெல்லாம் வேர்வை, மார்பெல்லாம் கொழுப்புத் தெறிப்பு. வாசல் ஓரம் உட்கார்ந்திருந்த இடையர்களிடமிருந்து ஆரம்பித்து மேலே வந்தான். வழக்கம் அப்படி. கீழே இருப்பவன் முதலில், மேலே இருப்பவன் கடைசியில். ராஜாவின் ஆள் கடைசியிலும் கடைசி.

ஒஸ்பெர்ட்டுக்குப் பசி. மேல்வரிசையில் உட்காரவைத்துவிட்டு, மாடு மேய்ப்பவனுக்கு முதலில் ஊற்றுகிறார்களே என்று முகம் சுருங்கிக்கொண்டே வந்தது. கடைசியில் அந்தத் தடியன் கொப்பரையோடு எதிரே வந்து நின்று, கிண்ணத்தை நிரப்பியபோது, ஒஸ்பெர்ட் கிண்ணத்தைத் தொடவில்லை. காலை நீட்டினான்.

"அடே பணியாளா, முதலில் இதனைக் கழற்று. பாதம் விறைத்துப்போயிற்று."

கூடத்தில் மெல்லுகிற சத்தம் நின்றது.

பிரோக்கானின் கை இடுப்புக் கத்திக்குப் போனது. நெக்தான் அவனைப் பார்க்கக்கூட இல்லை. அகப்பையைக் கொப்பரையில் சாய்த்து வைத்துவிட்டு, ஒற்றை முழங்காலில் குனிந்து, ஒரு ஜோட்டைப் பிடித்து இழுத்தான். அது வரவில்லை. மழையில் ஊறிப் போயிருந்தது. கொஞ்சம் திருப்பி, குதிகாலைத் தட்டி, பதமாக இழுத்தான். வந்தது. இன்னொன்றையும் கழற்றினான். இரண்டையும் கவிழ்த்துத் தண்ணீரை வடித்துவிட்டு, அடுப்பிலிருந்து சரியான தூரத்தில், தோல் வெடிக்காதபடி கொண்டுபோய் வைத்தான்.

துபகான் தன் கோலைத் தேடி எடுத்தான். அவன் அப்பா, அவருக்கு அப்பா, எல்லாரும் இந்த வீட்டின் வம்சத்தைத்தான் சொல்லிச் சொல்லிச் செத்தார்கள். அந்த வம்சம் இப்போது ஒரு தெற்கத்தியானின் ஈர ஜோட்டைக் காயவைத்துக்கொண்டிருந்தது.

வம்சம் சொல்ல வேண்டிய நேரம் அதுதான். துபகான் கோலை ஊன்றிக்கொண்டு எழுந்தான்.

"அகப்பைக்காரர், ருவாத்ரியோட அண்ணன் மகன். ருவாத்ரி, கெல்லாக்கோட மகன். கெல்லாக், கானன்னோட மகன்" என்று தொடங்கினான். அகப்பைக்காரர் என்பது ஏதோ பட்டப்பெயர் என்று ஒஸ்பெர்ட் எடுத்துக்கொண்டான். துபகானின் குரல் கணீரென்று வந்தது. பெயர்கள் ஒன்றின் மேல் ஒன்று ஏறின. எங்கே நிறுத்த வேண்டும் என்பது வம்சம் சொல்லிகள் எல்லாருக்கும் தெரியும். அல்பாவின் ராஜ வம்சத்துக்கு முதல் ஆள், மேற்கே அயர்லாந்திலிருந்து தோல் படகில் வந்து இறங்கியவர். அவர் காலத்துக்கு ஒரு தலைமுறை கீழேயே நிறுத்திவிட வேண்டும். அதுதான் மரியாதை. துபகானின் அப்பா, மாடு நடுங்குகிற குளிரில் வெளியே நிறுத்தி வைத்து, அந்த இடத்தை அவனுக்குப் பழக்கியிருந்தார்.

துபகான் அந்த இடத்துக்கு வந்தான். அடுப்போரம் ஆவி விட்டுக்கொண்டிருந்த ஜோடுகள் கண்ணில் பட்டன. அவன் நிறுத்தவில்லை.

இன்னொரு பெயர். அதற்கு மேல் இன்னொன்று. உழவர்கள் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். தெர்வல் மதுக் கரண்டியைத் தொட்டிக்குள் நழுவவிட்டாள். துபகான் ஏறிக்கொண்டே போய், கடைசியில் சொன்னான்:

"அவரு தாலோர்க்கோட மகன். தாலோர்க், ராஜா வீட்டு முதல் படகு வந்து தரை தட்டுனப்போ, கரைல நின்னு பாத்துக்கிட்டு இருந்தவரு."

சொல்லிவிட்டு உட்கார்ந்தான். உடம்பெல்லாம் ஒரு சுகம். அந்தச் சுகம், ஒஸ்பெர்ட் கிண்ணத்தைத் தள்ளி வைக்கும்வரைதான் இருந்தது.

"நன்று" என்றான் ஒஸ்பெர்ட். இப்போது அவன் மூக்கு நுனியில் சொட்டு இல்லை. "அரசர் வருவதற்கு முன்னரே உங்கள் தலைவரின் குலம் இங்கிருந்தது. அப்படியாயின் அரியணை அவருக்கே உரியது என்கிறீரா? இங்கே யாவரும் அவ்வாறுதான் எண்ணுகிறீர்களோ? ராஜத்துரோகியின் உணவை நான் உண்ணலாகாது."

மேசையில் கிண்ணம் நிறைந்து நின்றது. மேலே ஆடை படரத் தொடங்கியிருந்தது.

துபகானுக்கு இரண்டு வழி இருந்தது. சொன்ன பெயர்களைத் திரும்ப எடுத்துக்கொள்ளலாம். ஆனால் வம்சம் சொல்லி ஒரு பெயரைத் திரும்ப எடுத்தால் அதுவரை அவன் சொன்ன எல்லாப் பெயரும் பொய்யாகிவிடும், மாகாணத்தில் பாதிப் பேருக்கு அப்பன் இல்லாமல் போய்விடும். இல்லை, சொன்னது சொன்னதுதான் என்று நிற்கலாம். அப்போது நெக்தானின் தலை போகும்.

"பறக்க வேண்டாம்னு சொன்னேன்" என்றாள் தெர்வல், மெதுவாக. பிறகு அதைவிட மெதுவாக, "பறந்தாச்சு. எறங்குற வழியையாவது பாரும்."

துபகான் மறுபடி எழுந்தான். தாடியை நீவினான். என்ன சொல்லப்போகிறோம் என்று அவனுக்குத் தெரியாது. ஆனால் இந்த மாதிரி நேரங்களில் அது அவனை ஒருநாளும் தடுத்ததில்லை.

"அய்யா எழுத்தரே" என்றான். "மொர்மேர்னா என்ன, அது எங்கேருந்து வந்ததுன்னு உங்க மடத்துல சொல்லிக் குடுத்தாங்களா?"

"இல்லை."

"அதான். கேட்டுக்குங்க. தாலோர்க்னு சொன்னேனே, அவரு இந்தக் கரைக்கி வந்தப்போ கரையே இல்ல. கடல் அப்பத்தான் நிலத்த வெளிய தள்ளியிருந்துது. பூரா ஈரம். மலையெல்லாம் சொட்டச் சொட்ட நின்னுது. மனுஷன் பாத்தாரு. இப்படியே விட்டா அழுகிப்போவும்னு ஒவ்வொரு மலையா தூக்கி, பிழிஞ்சு, காயப்போட்டாரு. வடக்குப் பக்கம் இருக்கற மலைங்கள்ல இன்னைக்கும் பாருங்க, பிழிஞ்ச மடிப்பு தெரியும்."

இடையன் ஒருவன் ஆமாம் என்று தலையாட்டினான். மாடு மேய்த்துக்கொண்டு அந்த மடிப்புகளில் தினமும் ஏறி இறங்குகிறவன் அவன்.

"காஞ்ச பெறகு புல்ல நட்டாரு. அலை ஏறி வராம ராத்திரி பகலா துடப்பத்தால கடலத் தள்ளிக்கிட்டு நின்னாரு. அப்பத்தான் மேற்கேருந்து தோல் படகு வந்துது. ராஜா எறங்குனாரு. நல்ல ராஜா, நனைஞ்ச ராஜா. கரைல நிக்கிற ஆளப் பாத்து, 'இந்த நிலத்துக்கு அதிபதி யாருப்பா?'ன்னாரு. 'அதிபதின்னு யாரும் இல்ல. நான் பாத்துக்கிட்டு இருக்கேன்'னாரு தாலோர்க். 'எப்பேருந்து?' 'ஈரமா இருந்ததுலேருந்து.'"

மீனவர் பக்கம் சிரிப்பு கிளம்பி அடங்கியது. துபகான் முகத்தில் ஒரு சுருக்கம்கூட அசையவில்லை.

"ராஜா நியாயஸ்தரு. கையில கொண்டுவந்த முடிய நீட்டி, 'அப்ப முறைப்படி நீதான்யா ராஜா, இத வச்சுக்கோ'ன்னாரு. தாலோர்க் திரும்பிக்கூடப் பாக்கல. 'எனக்கு வேலை இருக்கு, நீரே வச்சுக்கும்'னாரு."

துபகான் கோலை மறு கைக்கு மாற்றிக்கொண்டான்.

"ராஜாவுக்குக் கண்ணு கலங்கிப்போச்சு. வீட்டப் பாத்துக்குற இப்படி ஒரு ஆள் இருந்தாத்தானே நிம்மதியா ராஜாவா இருக்கலாம். 'நீ கடலத் தள்ளி நிறுத்துனவன், அதனால கடலோட காரியஸ்தன். மலையப் பிழிஞ்சவன், அதனால பெரிய காரியஸ்தன்'னு அவரே பேரு வச்சாரு. அந்தப் பேருதான் எங்களுக்கு. மூத்தவங்கதான் நாங்க. இல்லன்னு சொல்லல. அவங்க குடுத்தாங்க, நாங்க வாங்கல. ராஜாவுக்கு எதிரா ஒரு மொர்மேர் முடி கேட்டான்னா, அவன் வேலை இல்லாத மொர்மேரா இருக்கணும். அப்படி ஒருத்தன் இன்னும் பொறக்கல."

உழவர்களும் மீனவர்களும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். இரண்டு பக்கத்துக்கும் வழக்கு ஜெயித்துவிட்டது. என்ன செய்வதென்று தெரியாமல் இரண்டு பக்கமும் மேசையைத் தட்டியது.

ஒஸ்பெர்ட் தட்டவில்லை. அவன் எழுத்தன். கதையில் மயங்கினால் எழுத்து வேலை பார்க்க முடியாது.

"முன்னோரைப் பற்றி யார் வேண்டுமானாலும் யாது வேண்டுமானாலும் கூறலாம்" என்றான். "நான் இப்போதுள்ளவரைக் கேட்க வேண்டும். அவரை அழையுங்கள்."

"இன்னும் மொர்மேர் யாரும் இல்லீங்க" என்றான் துபகான். "கடைசிக் கிண்ணம் காலியானாத்தான். ஆகப்போறவரு அதோ. உங்க ஜோட்டத் திருப்பி வைக்கிறாரே, அவருதான்."

நெக்தான் உண்மையிலேயே அதைத்தான் செய்துகொண்டிருந்தான். ஒரு பக்கம் காய்ந்துவிட்டது, மறுபக்கத்தை நெருப்புக்குக் காட்ட வேண்டியிருந்தது.

ஒஸ்பெர்ட்டின் முகத்தில் இருந்த இரத்தம் எங்கே போனது என்று யாருக்கும் தெரியவில்லை. தெற்கில் ஒரு பிரபுவைக் காலைப் பிடி என்று சொன்னவனுக்கு, சொன்ன வாயோடு தலை ஊர் திரும்பாது. அவன் கூடத்தைச் சுற்றிப் பார்த்தான். இடுப்புக் கத்திகள் ஒவ்வொன்றாக இப்போதுதான் அவன் கண்ணில் பட்டன. ஆனால் சின்ன ஆளாக இருந்தாலும் அவனுக்கும் கொஞ்சம் முதுகெலும்பு இருந்தது. எழுந்து நின்று, வெறுங்காலோடு, கேட்க வந்ததைக் கேட்டான்.

"ஐயா, தாங்கள் அரசராக விரும்புகிறீர்களா?"

நெக்தான் நிமிர்ந்தான். கூரை விட்டம் தலைக்கு மேல் ஒரு சாண்தான் இருந்தது. எல்லாரும் அவன் வாயையே பார்த்தார்கள். துபகான் கண்ணை மூடிக்கொண்டான். பேசத் தெரியாதவன் வாயில் மாகாணமே வந்து மாட்டிக்கொண்டது. நல்லதாக நாலு வார்த்தை சொல்லிக்கொடுத்திருக்கலாமே என்று அவனுக்கு ஆற்றாமை.

நெக்தான் கேள்வியை நிஜமாகவே யோசித்தான். அதுதான் எல்லாருக்கும் பயமாக இருந்தது. பிறகு சொன்னான்:

"கீழத் தொழுவத்துல செவலை கன்னு போட நிக்குதுங்க. கன்னு தலைகீழா திரும்பிக் கெடக்கு, கை விட்டுத்தான் எடுக்கணும்." கிண்ணத்தைப் பார்த்தான். "நீங்க சாப்ட்டு முடிச்சீங்கன்னா, நானும் ரெண்டு வாய் போட்டுக்கிட்டுப் போவேன். இது ஆறிப்போச்சு. இருங்க, சூடா ஊத்துறேன்."

அகப்பையை எடுத்துக்கொண்டு வந்து, ஆறிய கஞ்சியைக் கொப்பரையில் கொட்டி, சூடாக மொண்டு ஊற்றினான். நல்ல எலும்பு ஒன்று மேலே வரும்படி பார்த்து ஊற்றினான்.

கோபத்தை மறைக்கிறவனைத் தெற்கில் ஒஸ்பெர்ட் நிறையப் பார்த்திருந்தான். புன்னகையோடு விஷம் வைப்பவனையும் பார்த்திருந்தான். இந்த முகத்தில் தேடித் தேடிப் பார்த்தான். மாட்டைப் பற்றிய கவலையைத் தவிர வேறெதுவும் கிடைக்கவில்லை. துபகான் பக்கம் திரும்பி ஒரு பார்வை பார்த்தான். நீ சொன்னது பொய், ஆனால் இந்த ஆள் உண்மை என்றது அந்தப் பார்வை. துபகானுக்கு அது பாராட்டாகத்தான் பட்டது.

ஒஸ்பெர்ட் உட்கார்ந்து கிண்ணத்தைக் கையில் எடுத்தான்.

எழுத்தர்கள் மெதுவாகச் சாப்பிடுவார்கள் என்பது அன்றைக்குத்தான் ஆர்டமோனுக்குத் தெரிந்தது. அவன் ஒவ்வொரு வாயையும் ஊதினான். எலும்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். கூடம் முழுவதும் அவன் தொண்டை ஏறி இறங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்தது. "குடி ராசா, குடி" என்று தெர்வல் குழந்தைக்குச் சொல்வதுபோல் மூச்சுக்குள் சொன்னாள். வாசலில் ஓர் ஆள் வந்து நின்று, செவலை படுத்துவிட்டது என்று கையால் சாடை காட்டினான். நெக்தானின் கால் தானாக அந்தப் பக்கம் திரும்பி, மறுபடி வந்து நின்றது. ஒஸ்பெர்ட்டுக்கு அது கண்ணில் பட்டிருக்க வேண்டும். ஊதுவதை விட்டுவிட்டு, கிண்ணத்தைத் தூக்கி, அண்ணாந்து, வாய் வெந்தாலும் பரவாயில்லை என்று மொத்தத்தையும் குடித்து, கண்ணில் தண்ணீரோடு கிண்ணத்தைக் கவிழ்த்து வைத்தான்.

"மொர்மேர்" என்றான் துபகான்.

அதை அவன் சத்தமாகச் சொல்லவில்லை. கூடம் சொன்னது. உழவர்களும் மீனவர்களும் இடையர்களும் பெண்களும் ஒரே வாயாகச் சொன்னபோது கூரைப் புல்லிலிருந்து போன வருடத்துக் குருவிக்கூடு ஒன்று கீழே விழுந்தது. துபகான் இரண்டு மொர்மேர்களின் அகப்பை விருந்தைப் பார்த்தவன். இப்படி ஒரு சத்தத்தைக் கேட்டதில்லை. ராஜா தெற்கே தன் அரண்மனையில் அந்த நேரம் தலையைத் தூக்கி, என்ன அது என்று கேட்டதாகப் பிற்பாடு அவன் சொல்வதுண்டு.

மொர்மேர் நெக்தான் நின்றபடியே இரண்டு வாய் சாப்பிட்டான். சரியாக இரண்டு. சட்டைக் கையை இன்னும் மேலே ஏற்றிக்கொண்டு, பக்கவாட்டில் கதவைத் தாண்டித் தொழுவத்துக்குப் போனான்.

"அரசரிடம் யாது சொல்வேன்?" என்று ஒஸ்பெர்ட் கேட்டான். வெந்த நாக்கில் பிரசங்கம் கொஞ்சம் கரைந்திருந்தது.

"பாத்தத சொல்லுங்க" என்றான் துபகான். "வீடு பாத்துக்க ஆள் இருக்கு, நிம்மதியா இருங்கன்னு சொல்லுங்க."

ஒஸ்பெர்ட் தலையாட்டினான். பிறகு, யாரும் கேட்காமலேயே தெர்வல் ஊற்றிக்கொடுத்த மதுவை, இந்தத் தடவை ஊதாமல் குடித்தான்.

துபகான் நிமிர்ந்து நடந்து மீனவர் பக்கம் போனான். கதவுக்கு வெளியே மழை விட்டிருந்தது. வடக்கு மலைகள் மடிப்பு மடிப்பாகத் தெரிந்தன. பிரோக்கான் தன் ஆட்களுக்கு நடுவே கையை ஆட்டி ஆட்டி என்னவோ சொல்லிக்கொண்டிருந்தான். துபகான் பக்கத்தில் நின்று கேட்டான். தாலோர்க்கின் கதை.

"துடப்பம்னு நம்ம பெரியவரு சொன்னாருல்ல, அங்கதான் தப்பு" என்றான் பிரோக்கான். "கடலத் துடப்பத்தால தள்ள முடியுமா? துடுப்பு. துடுப்பாலதான் தள்ளுனாரு. எங்க வீட்டுல சொல்றதே வேற."

"ஏன்யா, நீ அங்க இருந்தியா?" என்றான் துபகான்.

"எங்க பாட்டன் இருந்தாரு. துடுப்பே அவரு குடுத்ததுதான்."

துபகான் கோலைச் சுவரில் சாய்த்து வைத்தான். பக்கத்தில் இடம் பார்த்து உட்கார்ந்து, "சரி, உங்க பாட்டன் அதுக்கு என்ன மரம் எடுத்தாரு, அதச் சொல்லு" என்றான்.